பொறுமையின் விலை: ஜாக்கி ராபின்சன் வாழ்வும் திறக்கப்படாத இரண்டாம் கதவும்

ஆண்டுதோறும் ஏப்ரல் 15ஆம் நாள் அமெரிக்காவின் மேஜர் லீக் பேஸ்பால் போட்டிகளில் ஆடும் அனைவரும் 42 என்ற ஒரே எண் பொறித்த சட்டையை அணிகின்றனர். ஜாக்கி ராபின்சன் அணிந்த எண் அது. 1947ஆம் ஆண்டு அதே நாளில் புரூக்ளின் டாட்ஜர்ஸ் அணிக்காக அவர் களமிறங்கியபோது, அந்நாட்டின் முதன்மை விளையாட்டில் அறுபதாண்டுகளுக்கும் மேலாக நீடித்த நிறத்தடை உடைந்தது. 1997இல் அந்த எண்ணை எல்லா அணிகளும் நிரந்தரமாக விலக்கிவைத்தன. இனி எவருக்கும் அது வழங்கப்படாது.

இவ்விழாவில் சொல்லப்படும் கதை எளிமையானது. வசைகளை அமைதியாகத் தாங்கிய ஒரு கறுப்பின வீரரின் பொறுமையும், அவருக்கு வாய்ப்பளித்த ஒரு வெள்ளை முதலாளியின் நல்மனமும் சேர்ந்து ஒரு நாட்டின் மனச்சான்றைத் தட்டியெழுப்பின என்பதே அக்கதை. ஒடுக்கப்பட்டோர் நுழையும் ஒவ்வொரு நிறுவனத்தைப் பற்றியும் இத்தகைய கதை ஒன்று புனையப்படுவதை நாம் அறிவோம். அதில் உண்மை இல்லாமல் இல்லை. ஆனால் அந்தத் தடையைக் கட்டியவர்கள் யார், அதை உடைக்கப் போராடியவர்கள் யார், பொறுமைக்கு விலை கொடுத்தவர்கள் யார், உள்ளே சென்ற பின்னரும் அவர்களுக்கு எந்தக் கதவு மூடியே இருந்தது என்னும் கேள்விகளை அது மறைத்துவிடுகிறது. ராபின்சனின் வாழ்வை அக்கேள்விகளுடன் மீண்டும் வாசிப்பது நமக்குத் தேவையாகிறது.

எழுதப்படாத சட்டம்

பேஸ்பாலில் கறுப்பினத்தவர் ஆடக்கூடாது என்று எந்தச் சட்டப் புத்தகத்திலும் எழுதப்பட்டிருக்கவில்லை. 1884இல் மோசஸ் ஃபிளீட்வுட் வாக்கர் என்ற கறுப்பின வீரர் டொலிடோ அணிக்காக அன்றைய முதல்தர லீக் ஒன்றில் ஆடியிருக்கிறார். அவருடைய சகோதரரும் அதே அணியில் சில ஆட்டங்களில் பங்கேற்றார். அவர்களுக்குப் பின் வாயில் அடைக்கப்பட்டது. கேப் ஆன்சன் போன்ற புகழ்பெற்ற வெள்ளை வீரர்கள் கறுப்பினத்தவருடன் ஒரே களத்தில் நிற்க மறுத்தனர். 1887இல் இன்டர்நேஷனல் லீக்கின் உரிமையாளர்கள் இனிமேல் கறுப்பின வீரர்களுடன் புதிய ஒப்பந்தம் செய்வதில்லை என முடிவெடுத்தனர். அடுத்த சில ஆண்டுகளில் இது எல்லா லீக்குகளுக்குமான பொது வழக்கமாயிற்று. உரிமையாளர்கள் இதை 'கனவான்களின் உடன்பாடு' என்று அழைத்துக்கொண்டனர். ஆணையராக 1920 முதல் 1944 வரை அமர்ந்திருந்த கெனசா மவுன்டன் லேண்டிஸ், அப்படியொரு தடையே இல்லை என்று வெளியே சொல்லிவந்தார். அவருடைய பதவிக்காலம் முழுவதும் ஒரு கறுப்பினத்தவர்கூட உள்ளே நுழையவில்லை.

சாதியின் செயல்பாட்டை அறிந்தவர்களுக்கு இந்த ஏற்பாடு புதிதன்று. எழுதப்பட்ட சட்டத்தை நீதிமன்றத்தில் எதிர்க்கலாம், திருத்தக் கோரலாம். எழுதப்படாத வழக்கத்திற்கு ஆசிரியரும் இல்லை, முகவரியும் இல்லை. எல்லோரும் கடைப்பிடிப்பார்கள், கேட்டால் எவரும் ஒப்புக்கொள்ளமாட்டார்கள். தகுதியானவர் கிடைக்கவில்லை என்ற ஒற்றை விடையே அதன் கவசம்.

அந்த விடை பொய் என்பதைக் கறுப்பின மக்கள் தம் உழைப்பால் நிறுவினர். 1920இல் ரூப் ஃபாஸ்டர் கான்சஸ் சிட்டியில் நீக்ரோ நேஷனல் லீக்கைத் தொடங்கினார். இன்று கைவிடப்பட்ட அச்சொல் அன்று அம்மக்களே தம்மைக் குறிக்கப் பயன்படுத்தியது. வெள்ளையர் லீக்குகளில் ஆட எல்லாத் தகுதியும் பெற்றிருந்த பல நூறு வீரர்கள் தம் வாழ்நாள் முழுவதையும் இத்தகைய லீக்குகளிலேயே கழித்தனர்.

பாசடீனாவின் பிள்ளை

ஜாக் ரூஸ்வெல்ட் ராபின்சன் 1919 ஜனவரி 31இல் ஜார்ஜியா மாநிலத்தின் கெய்ரோ என்ற ஊருக்கருகே ஒரு குத்தகை விவசாயக் குடும்பத்தில் பிறந்தார். அடிமை முறை ஒழிந்து அரை நூற்றாண்டு கடந்திருந்த போதிலும், நிலம் வெள்ளையரிடமும் உழைப்பு கறுப்பினத்தவரிடமும் இருந்த உறவு மாறியிருக்கவில்லை. தந்தை குடும்பத்தை விட்டுச் சென்ற பின், தாய் மேலி ராபின்சன் ஐந்து குழந்தைகளுடன் 1920இல் கலிபோர்னியாவின் பாசடீனா நகருக்குப் புலம்பெயர்ந்தார். வெள்ளையர் வீடுகளில் துணி துவைத்தும் வீட்டுவேலை செய்தும் பிள்ளைகளை வளர்த்தார். வெள்ளையர் வசித்த பெப்பர் தெருவில் அவர் ஒரு வீட்டை வாங்கியபோது அவர்களை அங்கிருந்து வெளியேற்றிவிட அண்டை வீட்டார் முயன்றனர். மேலி அசையவில்லை.

பாசடீனாவின் பொது நீச்சல் குளத்தில் வெள்ளையரல்லாதாருக்கு வாரத்தில் ஒரு நாள் மட்டுமே அனுமதி இருந்தது. கிணற்றிலும் குளத்திலும் தீட்டுப் பார்க்கும் நாட்டில் வாழும் நமக்கு இதற்கு விளக்கம் தேவையில்லை.

ராபின்சனின் அண்ணன் மேக் ராபின்சன் 1936 பெர்லின் ஒலிம்பிக்கில் 200 மீட்டர் ஓட்டத்தில் ஜெஸ்ஸி ஓவன்ஸுக்கு அடுத்து வந்து வெள்ளிப் பதக்கம் வென்றார். தாயகம் திரும்பிய அவருக்குப் பாசடீனா நகராட்சியில் கிடைத்தது தெருக்கூட்டும் வேலை. ஒலிம்பிக் மேலங்கியை அணிந்தபடி அவர் தெருக்களைப் பெருக்கினார். பதக்கம் வென்றால் மதிப்பு தானே வந்துசேரும் என்ற நம்பிக்கை ராபின்சனின் வீட்டிலேயே பொய்த்துப்போயிருந்தது.

பாசடீனா ஜூனியர் கல்லூரியிலும் பின்னர் லாஸ் ஏஞ்சலஸின் கலிபோர்னியா பல்கலைக்கழகத்திலும் பயின்ற ராபின்சன் பேஸ்பால், கூடைப்பந்து, அமெரிக்கக் கால்பந்து, தடகளம் ஆகிய நான்கிலும் பல்கலைக்கழகச் சிறப்புத் தகுதி பெற்ற முதல் மாணவரானார். அங்குதான் பின்னாளில் அவரது வாழ்க்கைத் துணையான ரேச்சல் ஐசமைச் சந்தித்தார். குடும்ப வறுமையை எண்ணி, பட்டம் பெறாமலேயே 1941இல் பல்கலைக்கழகத்தை விட்டு வெளியேறினார்.

பேருந்தின் பின் இருக்கை

1942இல் இராணுவத்தில் சேர்க்கப்பட்ட ராபின்சன், அடுத்த ஆண்டு இரண்டாம் லெப்டினன்ட் ஆனார். ஹிட்லரின் இனவெறிக்கு எதிராகப் போரிட்ட அந்த இராணுவம் தன் படைப்பிரிவுகளையே நிறத்தால் பிரித்துவைத்திருந்தது. 1944 ஜூலை 6இல் டெக்சாஸ் மாநிலத்தின் கேம்ப் ஹூட் முகாமில், பேருந்தின் பின்பகுதிக்குச் செல்லுமாறு ஓட்டுநர் இட்ட கட்டளைக்கு அவர் பணிய மறுத்தார். முகாம் பேருந்துகளில் பாகுபாடு கூடாதென இராணுவம் ஏற்கெனவே உத்தரவிட்டிருந்ததை அவர் அறிந்திருந்தார். பேருந்துச் சிக்கல் பின்னுக்குத் தள்ளப்பட்டு, விசாரணையின்போது மேலதிகாரிகளுக்கு மரியாதை காட்டவில்லை, கீழ்ப்படியவில்லை என்னும் குற்றச்சாட்டுகளே முன்னிறுத்தப்பட்டன. ஆகஸ்ட் 2இல் இராணுவ நீதிமன்றம் அவரை விடுவித்தது.

மாண்ட்கோமரி நகரப் பேருந்தில் ரோசா பார்க்ஸ் எழ மறுத்ததற்குப் பதினொரு ஆண்டுகளுக்கு முன் நடந்தது இது. பின்னாளில் பொறுமையின் வடிவமாகச் சித்திரிக்கப்பட்ட மனிதர் இயல்பில் அடங்கிப்போகிறவர் அல்லர் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை. பிறகு அவர் காட்டிய அமைதி பிறவிக் குணமன்று. அது அவர்மீது விதிக்கப்பட்ட நிபந்தனை.

கதவைத் தட்டியவர்கள்

1945இல் ராபின்சன் மாதம் 400 டாலர் ஊதியத்தில் கான்சஸ் சிட்டி மோனார்க்ஸ் என்ற கறுப்பின அணியில் சேர்ந்தார். அதற்கு முன்பே தடைக்கு எதிரான இயக்கம் வலுப்பெற்றிருந்தது. பிட்ஸ்பர்க் கூரியர் ஏட்டில் வென்டல் ஸ்மித்தும், பால்டிமோர் ஆஃப்ரோ-அமெரிக்கன் ஏட்டில் சாம் லேசியும் ஆண்டுக்கணக்கில் எழுதிவந்தனர். மைதானங்களின் செய்தியாளர் மாடத்தில் தமக்கே இடம் மறுக்கப்பட்ட நிலையில் அவர்கள் எழுதினர் என்பதை நினைவிற் கொள்ளவேண்டும். கம்யூனிஸ்ட் கட்சியின் டெய்லி வொர்க்கர் நாளேட்டில் லெஸ்டர் ராட்னி தொடர்ந்து குரல் கொடுத்தார். தொழிற்சங்கத்தினரும் இடதுசாரி இளைஞர்களும் கையெழுத்துகள் திரட்டினர். 1943 டிசம்பரில் கறுப்பினப் பத்திரிகையாளர்கள் அணி உரிமையாளர்களை நேரில் சந்தித்து முறையிட்டபோது, அவர்களுடன் சென்று உரையாற்றியவர் புகழ்பெற்ற பாடகரும் நடிகருமான பால் ரோப்சன். இந்தப் பெயர் ராபின்சனின் வாழ்வில் மீண்டும் வரும்.

1945இல் நியூயார்க் மாநிலம் வேலைவாய்ப்பில் இனப்பாகுபாட்டைத் தடைசெய்யும் சட்டத்தை இயற்றியது. அதே ஏப்ரலில், பாஸ்டன் நகர மன்ற உறுப்பினர் ஒருவரின் நெருக்கடியால் ராபின்சன் உள்ளிட்ட மூன்று கறுப்பின வீரர்களுக்குப் பாஸ்டன் ரெட் சாக்ஸ் அணி தேர்வு நடத்தியது. தேர்வு நடந்தது, அழைப்பு வரவில்லை. அந்த அணி முதல் கறுப்பின வீரரைச் சேர்த்தது 1959இல்தான். மேஜர் லீக் அணிகளில் கடைசியாகப் பணிந்ததும் அதுவே.

இத்தகைய சூழலில்தான் 1945 ஆகஸ்ட் 28இல் புரூக்ளின் டாட்ஜர்ஸ் அணியின் தலைவர் பிராஞ்ச் ரிக்கி ராபின்சனைத் தம் அலுவலகத்துக்கு அழைத்தார். ரிக்கியின் துணிவை நாம் மறுக்கவில்லை. அவருக்கு அறநோக்கம் இருந்தது. திறமைமிக்க வீரர்களைப் பிறருக்கு முன்பாகத் தாம் பெறவேண்டும், புதிய பார்வையாளர்களை ஈர்க்கவேண்டும் என்ற கணக்கும் இருந்தது. அக்கணக்கு பொய்க்கவில்லை. 1947இல் டாட்ஜர்ஸின் சொந்த மைதானத்துக்கு வந்தவர்கள் 18 லட்சத்துக்கும் மேல். அந்த அணி அதுவரை காணாத எண்ணிக்கை அது. அவ்வாண்டு ராபின்சன் பெற்ற ஊதியமோ அன்றைய குறைந்தபட்சத் தொகையான 5,000 டாலர்.

அச்சந்திப்பில் ரிக்கி விதித்த நிபந்தனை வரலாற்றில் புகழ்பெற்றது. வசை பாடினாலும், உமிழ்ந்தாலும், தாக்கினாலும் ராபின்சன் திருப்பித் தாக்கக்கூடாது. அவர் ஒருமுறை கை ஓங்கினால் தடையை ஆதரிப்பவர்கள் தாம் சொன்னது மெய்ப்பட்டது என்பார்கள், கதவு மீண்டும் பல ஆண்டுகளுக்கு அடைபடும் என்பது அவருடைய வாதம். நடைமுறையில் அவ்வாதம் சரியாக இருந்திருக்கலாம். ஆயினும் அதன் உள்ளடக்கத்தைக் கவனிக்கவேண்டும். குற்றம் இழைத்தவர்கள் எந்த உறுதிமொழியும் தரவில்லை. குற்றத்துக்கு ஆளானவரிடமே உறுதிமொழி வாங்கப்பட்டது.

களத்தில்

பேஸ்பால் அறியாத வாசகர்களுக்கு ஒரு சொல். மட்டையாளர் பந்தை அடித்துவிட்டு நான்கு மூலைகளில் அமைந்த பேஸ்களை வரிசையாகக் கடந்து வந்தால் ஒரு ரன். அந்த பேஸ்களை ஒட்டிய பகுதியைக் காப்பவர்கள் உட்கள ஆட்டக்காரர்கள். ஆணி பதித்த காலணிகளுடன் பாய்ந்து வரும் எதிரணி ஓட்டக்காரர்களை மிக நெருக்கத்தில் எதிர்கொள்ள வேண்டியவர்கள் இவர்களே. ராபின்சன் தம் ஆட்டவாழ்வின் பெரும்பகுதியை உட்களத்தில்தான் கழித்தார்.

1946இல் டாட்ஜர்ஸின் துணை அணியான மான்ட்ரியல் ராயல்ஸில் அவர் சேர்க்கப்பட்டார். புளோரிடாவில் நடந்த பயிற்சிக் காலத்தில் சில ஊர்கள் அவர் இருந்ததற்காகவே ஆட்டத்தை நடத்த மறுத்தன. ஏப்ரல் 18இல் ஜெர்சி சிட்டியில் நடந்த முதல் ஆட்டத்தில் ஐந்து வாய்ப்புகளில் நான்கு முறை வெற்றிகரமாக அடித்தார். அவற்றுள் ஒன்று களத்தைத் தாண்டிச் சென்ற ஹோம் ரன். பருவத்தின் முடிவில் அந்த லீக்கின் மிகச்சிறந்த மட்டையாளர் அவரே.

1947 ஏப்ரல் 15இல் புரூக்ளினின் எபட்ஸ் ஃபீல்டு மைதானத்தில் டாட்ஜர்ஸ் வீரராக அவர் இறங்கியபோது வயது 28. அவருக்குப் பழக்கமில்லாத முதல் பேஸ் இடத்தில் நிறுத்தப்பட்டார். அவருடன் ஆட மாட்டோம் என்று அணிக்குள்ளேயே சிலர் முன்னதாக மனு எழுத முயன்றிருந்தனர். அணி மேலாளர் லியோ டூரோச்சர் அதை முளையிலேயே கிள்ளியெறிந்தார். அந்த மாதத்திலேயே பிலடெல்பியா அணியின் மேலாளர் பென் சாப்மன் தலைமையில் எதிரணியினர் தம் மாடத்திலிருந்து இடைவிடாமல் இனவெறி வசைகளைப் பொழிந்தனர். இது பொதுமக்களிடம் கண்டனத்தைக் கிளப்பியபோது அதைத் தணிக்க ஒரு வழி காணப்பட்டது. சாப்மனும் ராபின்சனும் ஒரே மட்டையை ஆளுக்கொரு பக்கம் பிடித்தபடி நிழற்படத்துக்கு நிற்கவைக்கப்பட்டனர். சாப்மன் பதவியில் நீடிக்கவேண்டும் என்பதற்காகச் சமரசப் படத்தில் நிற்கும் கடமையும் ராபின்சன்மீதே விழுந்தது. நம் ஊர்களில் வன்கொடுமை வழக்கு பதிவானவுடன் பாதிக்கப்பட்டவரை அழைத்துச் சமரசக் கூட்டம் நடத்தும் வழக்கத்தை இது நினைவூட்டுகிறது.

கொலை மிரட்டல் கடிதங்கள் வந்தன. சில நகரங்களின் விடுதிகள் சக வீரர்களை ஏற்று அவரை மறுத்தன. ஆணிக் காலணிகள் அவர் காலை மிதித்தன. அவ்வளவுக்கும் நடுவே அவர் 29 பேஸ்களைத் திருடினார். பந்து எறியப்படும் கணத்தில் எவரும் எதிர்பாராமல் அடுத்த பேஸுக்கு ஓடிச் சேர்வதே அவ்விளையாட்டில் திருட்டு எனப்படும். அவ்வாண்டின் சிறந்த புதுமுக வீரர் விருது அவருக்குக் கிடைத்தது. நீக்ரோ லீக்குகளின் துணிச்சலான ஓட்ட ஆட்டத்தை அவர் மேஜர் லீக்குக்குள் கொண்டுவந்தார். தம் ஆட்டவாழ்வில் கடைசி பேஸையே 19 முறை திருடினார். உள்ளே வந்த ஒடுக்கப்பட்டவர் அங்கிருந்த ஆட்டத்தைக் கற்றுக்கொண்டதாக மட்டுமே வரலாறு எழுதப்படுகிறது. அந்த ஆட்டத்தையே அவர் மாற்றினார் என்பதையும் சேர்த்து எழுதவேண்டும்.

நிபந்தனை தளர்ந்த பின்

1948இல் இரண்டாம் பேஸுக்கு மாறிய ராபின்சன், 1949இல் தம் உச்சத்தைத் தொட்டார். மட்டைச் சராசரி 0.342, திருடிய பேஸ்கள் 37. நேஷனல் லீக்கின் மிகச்சிறந்த வீரர் விருதைப் பெற்ற முதல் கறுப்பினத்தவர் அவரே. அக்காலத்தில்தான் ரிக்கி தம் நிபந்தனையைத் தளர்த்தினார். ராபின்சன் நடுவர்களுடன் வாதிட்டார், வசைக்கு விடை சொன்னார், விடுதிகளின் பாகுபாட்டை வெளிப்படையாகக் கண்டித்தார். வெள்ளை வீரர் செய்தால் போர்க்குணம் எனப் போற்றப்படும் அதே நடத்தை, அவர் செய்தபோது திமிர் எனப்பட்டது. முன்பு அவருடைய அமைதியைப் புகழ்ந்த பத்திரிகைகளில் சில இப்போது அவரை நன்றி கெட்டவராகச் சித்திரித்தன.

இந்த ஆண்டிலேயே அவருடைய பொதுவாழ்வின் மிகக் கடினமான நிகழ்வும் நேர்ந்தது. அமெரிக்காவின் கறுப்பின மக்கள் சோவியத் நாட்டுக்கு எதிரான போரில் பங்கேற்க மாட்டார்கள் என்ற பொருளில் பால் ரோப்சன் பேசியதாகச் செய்தி பரவியிருந்தது. 1949 ஜூலை 18இல் நாடாளுமன்றத்தின் அமெரிக்க விரோதச் செயல்கள் குறித்த குழுவின்முன் ராபின்சன் சாட்சியம் அளித்தார். ரோப்சனின் கருத்தை மறுத்த அவர், நிறவெறிக்கு எதிரான கறுப்பினத்தவரின் சினம் கம்யூனிஸ்டுகள் ஊட்டியதன்று, அது உண்மையான அநீதியிலிருந்து பிறந்தது என்பதையும் சேர்த்தே சொன்னார். வெள்ளையர் ஏடுகள் முதற்பகுதியைப் பெரிதாக்கி இரண்டாம் பகுதியைச் சிறிதாக்கின. ராபின்சனுக்காகக் கதவைத் தட்டியவர்களில் ஒருவரை வீழ்த்த ராபின்சனே கருவியானார். அடுத்த ஆண்டு ரோப்சனின் கடவுச்சீட்டு பறிக்கப்பட்டது. தம் வாழ்வின் இறுதியில் எழுதிய தன்வரலாற்றில், ரோப்சன்மீது தமக்கு மதிப்புக் கூடியிருப்பதையும், அப்படியொரு அழைப்பை இப்போதாயின் தாம் ஏற்கமாட்டார் என்பதையும் ராபின்சன் பதிவுசெய்தார். ஏற்றுக்கொள்ளப்பட்ட ஒருவரைத் தம் மக்களுள் ஏற்றுக்கொள்ளப்படாதவருக்கு எதிராக நிறுத்தும் உத்தி எந்த ஆளும் வகுப்புக்கும் புதிதன்று.

ஒருவழிப் பாதை

ராபின்சனின் நுழைவுக்குப் பின் என்ன நேர்ந்தது என்பதை விழாமேடைகள் அதிகம் பேசுவதில்லை. அவரை எடுத்துக்கொண்டபோது ரிக்கி மோனார்க்ஸ் அணிக்கு ஒரு காசும் தரவில்லை. கறுப்பின லீக்குகளின் ஒப்பந்தங்களை அவர் ஒப்பந்தங்களாகவே மதிக்கவில்லை. நியூவார்க் ஈகிள்ஸ் அணியை நடத்திய எஃபா மான்லி என்ற பெண்மணி இதை வெளிப்படையாக எதிர்த்தார். அவருடைய அணியின் டான் நியூகம்பை ரிக்கி இழப்பீடின்றி எடுத்துச் சென்றார். 1947 ஜூலையில் லாரி டோபியைப் பெற்ற கிளீவ்லாந்து அணி மட்டும் ஈகிள்ஸுக்கு 15,000 டாலர் வழங்கியது.

சிறந்த வீரர்கள் சென்றதும் பார்வையாளர்களும் அவர்களைப் பின்தொடர்ந்தனர். நீக்ரோ நேஷனல் லீக் 1948 பருவத்துடன் முடிவுக்கு வந்தது. எஞ்சிய லீக்கும் மெல்லத் தேய்ந்தது. கறுப்பின உரிமையாளர்கள், மேலாளர்கள், நடுவர்கள், பயிற்சியாளர்கள் எனக் கட்டியெழுப்பப்பட்ட ஒரு முழு அமைப்பு மறைந்தது. வெள்ளையர் அணிகள் வீரர்களை மட்டுமே எடுத்துக்கொண்டன. நிர்வாகம் செய்யத் தெரிந்த கறுப்பினத்தவருக்கு அங்கே வேலை இருக்கவில்லை. கலப்பு என்பது கறுப்பினத்தவர் வெள்ளையர் நிறுவனத்துக்குள் செல்வதாக மட்டுமே பொருள்கொள்ளப்பட்டது. அந்தப் பிரிவினையை நாம் விரும்பத்தக்கதாகச் சொல்லவில்லை. அதை உடைத்த முறையில் உடைமையும் முடிவெடுக்கும் உரிமையும் யாரிடம் தங்கின என்பதையே சுட்டுகிறோம்.

ஓய்வுக்குப் பின்

1955இல் டாட்ஜர்ஸ் முதன்முறையாக உலகத் தொடர் எனப்படும் இறுதிக் கோப்பையை வென்றது. 1956இன் இறுதியில் நியூயார்க் ஜயன்ட்ஸ் அணிக்கு அவர் மாற்றப்பட்டபோது, அங்குச் செல்லாமல் ஓய்வை அறிவித்தார். மேஜர் லீக்கில் பத்துப் பருவங்கள், ஆறு உலகத் தொடர்கள். 1962இல், தகுதிபெற்ற முதல் ஆண்டிலேயே பேஸ்பாலின் புகழ் மண்டபத்தில் இடம்பெற்றார். அதில் நுழைந்த முதல் கறுப்பினத்தவரும் அவரே.

அந்தப் புகழின் நடுவிலும், 1950களில் கனெக்டிகட் மாநிலத்தில் வீடு வாங்க முயன்றபோது நிறத்தின் காரணமாக அவரும் ரேச்சலும் மீண்டும் மீண்டும் மறுக்கப்பட்டனர். விருது பெற்றவருக்கும் வாடகை வீடு கிடைக்காத நகரங்கள் நம் நாட்டிலும் உண்டு.

ஓய்வுக்குப் பின் அவர் ஒரு காபி நிறுவனத்தின் துணைத் தலைவரானார். கறுப்பின மக்களின் முன்னேற்றத்துக்கான தேசிய சங்கத்துக்காக நாடெங்கும் பயணித்து நிதி திரட்டினார். நாளேட்டில் பத்தி எழுதினார். 1963 வாஷிங்டன் பேரணியில் குடும்பத்துடன் பங்கேற்றார். வங்கிகள் கறுப்பினத்தவருக்குக் கடன் மறுத்த நிலையில், 1964இல் ஹார்லெமில் ஃபிரீடம் நேஷனல் வங்கியை நிறுவியவர்களில் ஒருவரானார். அவருடைய அரசியல் நேர்கோடாக அமையவில்லை. 1960 குடியரசுத் தலைவர் தேர்தலில் ரிச்சர்டு நிக்சனை ஆதரித்தார். 1964 குடியரசுக் கட்சி மாநாட்டில் குடியுரிமைச் சட்டத்தை எதிர்த்த பேரி கோல்ட்வாட்டர் வேட்பாளரானதைக் கண்டு மனம் வெறுத்தார். 1968இல் நிக்சனுக்கு எதிராக நின்றார். இரு கட்சிகளிலும் கறுப்பினத்தவரின் குரல் இருக்கவேண்டும் என்பது அவர் எண்ணம். தம் இடத்தை ஏற்கத் தயாராக இல்லாத கட்சிக்குள் தனிமனிதராகச் சென்று அதைத் திருத்த முடியாது என்பதை அனுபவம் அவருக்குக் கற்பித்தது.

திறக்கப்படாத இரண்டாம் கதவு

பேஸ்பாலில் மேலாளர் என்பவர் அலுவலக அதிகாரி அல்லர். யார் ஆடவேண்டும், எங்கே நிற்கவேண்டும், எப்போது மாற்றப்படவேண்டும் என்று களத்தில் முடிவெடுப்பவர் அவரே. ராபின்சன் நுழைந்து கால் நூற்றாண்டு கழிந்தும் மேஜர் லீக்கில் ஒரு கறுப்பின மேலாளர்கூட நியமிக்கப்படவில்லை. இதை எதிர்த்து, பழைய வீரர்களைப் பெருமைப்படுத்தும் விழாக்களுக்குச் செல்வதை அவர் தவிர்த்துவந்தார்.

1972 அக்டோபர் 15இல் சின்சினாட்டி நகரில் உலகத் தொடரின் இரண்டாம் ஆட்டத்தின்போது அவருடைய வருகையின் 25ஆம் ஆண்டு கொண்டாடப்பட்டது. நீரிழிவால் உடல் தளர்ந்து, கண்பார்வை பெரும்பாலும் மங்கியிருந்தது. வியட்நாம் போரில் காயமுற்று, போதைப் பழக்கத்திலிருந்து மீண்டுகொண்டிருந்த மூத்த மகனை ஓராண்டுக்கு முன்புதான் சாலை விபத்தில் இழந்திருந்தார். நன்றியுரை கூறி விடைபெறுவார் என்று எல்லோரும் எதிர்பார்த்த அந்த மேடையில், மேலாளர் பொறுப்பில் ஒரு கறுப்பு முகத்தைக் காணும் நாளில்தான் தம் பெருமிதம் நிறைவடையும் என்று நாடே பார்க்கச் சொன்னார். ஒன்பது நாள்கள் கழித்து, அக்டோபர் 24இல், 53ஆம் வயதில் இயற்கை எய்தினார். மறைவையொட்டி வெளியான தன்வரலாற்றில், வெள்ளையர் உலகில் தாம் இன்னும் ஒரு கறுப்பு மனிதரே என்பதால் நாட்டுப்பண்ணுக்கு எழுந்து நின்று பாடத் தம்மால் இயலவில்லை என்ற கருத்தை அவர் எழுதியிருந்தார்.

1975இல் கிளீவ்லாந்து அணியின் ஃபிராங்க் ராபின்சன் முதல் கறுப்பின மேலாளராகக் களமிறங்கினார். அதற்குப் பன்னிரண்டு ஆண்டுகளுக்குப் பின், 1987இல், ஜாக்கி ராபின்சனின் வருகையின் 40ஆம் ஆண்டையொட்டி நடந்த தொலைக்காட்சி நிகழ்ச்சியில், டாட்ஜர்ஸின் மூத்த நிர்வாகி அல் கம்பானிஸ், மேலாண்மைப் பொறுப்புக்குத் தேவையான தகுதிகள் கறுப்பினத்தவரிடம் இல்லாதிருக்கலாம் என்று பேசிப் பதவி இழந்தார். அவர் 1946இல் மான்ட்ரியல் அணியில் ராபின்சனுடன் தோளோடு தோள் நின்று ஆடியவர். ஒன்றாக ஆடினால், ஒன்றாக உண்டால் பாகுபாடு தானே கரையும் என்ற எண்ணம் எவ்வளவு வலுவற்றது என்பதற்கு அவர் வாழும் சான்றாக இருந்தார்.

நம் நாட்டு விளையாட்டிலும் இதே வரலாறு முன்பே நிகழ்ந்திருக்கிறது. சமார் சாதியில் பிறந்த பல்வாங்கர் பாலூ, 1911இல் இங்கிலாந்து சென்ற இந்திய கிரிக்கெட் அணிக்காக நூற்றுக்கும் மேற்பட்ட விக்கெட்டுகளை வீழ்த்தினார். சக வீரர்கள் அவருடைய பந்துவீச்சை ஏற்றனர். தேநீரை மட்டும் வெளியே தனிக் குவளையில் கொடுத்தனர். இந்துக்கள் அணியின் மிகச்சிறந்த வீரராக இருந்தும் தலைமைப் பொறுப்பு அவருக்குக் கடைசிவரை வழங்கப்படவில்லை. அவருடைய தம்பி விட்டலுக்கு 1923இல்தான் அது கிடைத்தது. புனேயிலும் புரூக்ளினிலும் விதி ஒன்றே. உழைக்கும் கையை ஏற்பார்கள், கட்டளையிடும் வாயை ஏற்கமாட்டார்கள்.

2022 உலகத் தொடரில் ஆடிய இரு அணிகளிலும் அமெரிக்காவில் பிறந்த கறுப்பின வீரர் ஒருவர்கூட இல்லை. 1950க்குப் பிறகு அப்படி நேர்ந்தது அதுவே முதல் முறை. வென்ற அணியை வழிநடத்தியவர் டஸ்டி பேக்கர் என்ற கறுப்பின மேலாளர். ராபின்சன் தட்டிய இரண்டாம் கதவு திறந்திருக்கிறது. முதல் கதவோ மெல்லச் சாத்தப்படுகிறது. திறமைக்கு வழிசெய்யும் பள்ளிகளும் மைதானங்களும் பணமும் யாரிடம் இருக்கின்றனவோ அவர்களே களத்தில் யார் நிற்பது என்பதையும் முடிவுசெய்கிறார்கள்.

பல்கலைக்கழகத்திலோ செய்தி அறையிலோ நீதிமன்றத்திலோ விளையாட்டு வாரியத்திலோ முதல் தலித் ஒருவர் நுழைந்தார் என்ற செய்தி வரும்போது நாம் மகிழ்வது இயல்பு. அவர் என்ன நிபந்தனையை ஏற்று உள்ளே சென்றார், அவருக்காகப் போராடியவர்களை அந்த நிறுவனம் எப்படி நடத்துகிறது, அவருக்குப் பின் எத்தனை பேர் செல்ல முடிகிறது, தேர்வுக்குழுவில் அமர்ந்திருப்பவர் யார் என்ற நான்கையும் கேட்டறிவது நம் கடமை. தம்மைப் பாராட்ட எழுப்பப்பட்ட மேடையிலேயே, பார்வை மங்கிய நிலையில், கடைசிக் கேள்வியை எழுப்பிவிட்டுச் சென்றவர் ஜாக்கி ராபின்சன்.